எஃப்மாட் ஸ்டூடியோ: கேம் இசையமைப்பாளர் பார்வையில்

கேமுக்கு எழுதும் இசை எப்போது முடியும் என்று யாருக்கும் தெரியாது. ஒரு சண்டை பத்து நொடியில் முடியும், பத்து நிமிடமும் இழுக்கும். எந்த இசை எந்த இடத்தில் அடுத்ததற்கு வழிவிட வேண்டும் என்பதைப் புரோகிராமர் தலையில் கட்டாமல் இசையமைப்பாளரே தீர்மானிக்க உதவுவது எஃப்மாட் ஸ்டூடியோ. மெல்போர்னைச் சேர்ந்த ஃபயர்லைட் டெக்னாலஜீஸ் தயாரிப்பு. கேம் உருவாக்கும் மென்பொருள்களான யூனிட்டி, அன்ரியல் இரண்டோடும் சேரும். கற்றுக்கொள்ளப் பணம் கட்ட வேண்டாம். இந்தத் துறைக்குள் நுழையும் இசைக்காரர் முதலில் பழக வேண்டிய மென்பொருள் இதுதான் என்பேன்.

ரெக்கார்டிங் மென்பொருளில் பழகியவருக்கு இதன் டைம்லைன் அந்நியமாகத் தெரியாது. முதல் வேலை, டெம்போ மார்க்கரில் வேகத்தையும் தாள அளவையும் சரியாகக் குறிப்பது. பிறகு டிரான்சிஷன் ரீஜனில், அதாவது வேறு பகுதிக்குத் தாவ விடும் இடத்தில், எத்தனை பாருக்கு (தாளச் சுற்றுக்கு) ஒருமுறை தாவலாம் என்று சொல்ல வேண்டும். நிமிடத்துக்கு 120 பீட் (தட்டு) வேகம், 4/4 தாளம் என்றால் ஒரு பார் 2 நொடி. 4 பாருக்கு ஒருமுறை என்று வைத்தால் எதிரி பாய்ந்து 8 நொடி வரைகூட இசை மாறாமல் இருக்கலாம். சண்டைக்குள் நுழைய ஒரு பீட், சண்டை ஓய்ந்து இறங்க 2 பார் என்று தனித்தனியாக வைத்தால் காதுக்கு இயல்பாக இருக்கும்.

பலர் தடுக்கி விழுவது ரிவெர்ப் வாலில், அதாவது இசை நின்றபிறகும் நீளும் எதிரொலியில். லூப் (திரும்பத் திரும்ப ஓடும் இசை) முனையில் முந்தைய சுற்றின் எதிரொலி பட்டென்று அறுந்துபோகும். இசையை வாலோடு ரெண்டர் செய்து (கோப்பாக்கி), டைம்லைனில் அதன் பெட்டியைப் பார் எல்லைவரை மட்டும் சுருக்கி, அசின்க்ரோனஸ் பொத்தானை அழுத்தினால் வால் அடுத்த சுற்றின் மேல் படர்ந்து தானாக அடங்கும். ஆனால் அந்தப் பெட்டியில் 16 பார் இசை இருந்தால், நடுவில் வேறு பகுதிக்குத் தாவியபிறகும் மிச்சம் முழுவதும் ஒலித்துக்கொண்டே இருக்கும். அதனால் தாவும் அளவுக்கே துண்டு போடுங்கள்: 2 பாருக்கு ஒரு தாவல் என்றால் 2 பார் துண்டுகள். மூலக் கோப்பு வேவ் ஆகவே இருக்கட்டும். எம்பி3-யின் முன்னும் பின்னும் ஒட்டிக்கொள்ளும் வெற்றிடம் லூப்பைக் கெடுத்துவிடும்.

அடுக்கடுக்காக இசையை ஏற்றி இறக்க, எல்லா ஸ்டெம்களும் (முரசு, குழல் என்று தனித்தனியாகப் பிரித்த கோப்புகள்) ஒரே நீளத்தில், ஒரே புள்ளியில் தொடங்க வேண்டும். ஆபத்தின் அளவு போலக் கேம் அனுப்பும் பாராமீட்டர் மதிப்பு குதித்துக் குதித்து வரும். அந்த மதிப்பு நகரும் வேகமான சீக் ஸ்பீடில் ஏறுவதற்கு வேகத்தையும் இறங்குவதற்கு மெதுவையும் கொடுங்கள். அப்போது முரசு விட்டுவிட்டு ஒலிக்காது.

ஒலி விளைவுகளுக்கும் இது கெட்டிக்காரக் கருவி. காலடிச் சத்தத்துக்கு மல்டி இன்ஸ்ட்ருமென்ட்டில் ஆறேழு மாதிரிகள், ஷஃபிள் முறை, ஒரு செமிடோன் சுருதி மாற்றம் போதும்.

குறைகளும் உண்டு. நீளமான கோப்புகளை அது தானாகவே ஸ்ட்ரீமிங்கில் (ஓடும்போதே கொஞ்சம் கொஞ்சமாகப் படிக்கும் முறையில்) போடும். பல ஸ்டெம்கள் ஒரே நேரத்தில் ஓடினால் வேகம் குறைந்த சாதனத்தில் திக்கும். குறுகிய சத்தத்தை ஸ்ட்ரீமிங்கில் விட்டால் தாமதமாக வரும். இசைக்கு 3டி டெம்ப்ளேட்டைத் தேர்ந்தால் கதாபாத்திரம் விலக விலக இசையும் தேயும். பேங்குகளை (கேமுக்குக் கொடுக்கும் ஒலித் தொகுப்புக் கோப்புகளை) மறுபடி பில்ட் செய்யாமல் கொடுத்தால் கேமில் பழைய சத்தமே கேட்கும். பெயர்ப் பட்டியல் உள்ள ஸ்ட்ரிங்ஸ் பேங்க் லோடாகவில்லை என்றால் பெயரைச் சொல்லி ஈவென்ட்டை (கேம் ஒலிக்கச் சொல்லும் இசை அல்லது சத்தத்தை) கூப்பிட முடியாது. புரோகிராமரிடம் முதலில் இதைக் கேளுங்கள்.

மாண்ட்ரியாலின் ஆடியோகைனட்டிக் தரும் வைஸ் என்ற இதே வகை மென்பொருள், இசைத் துண்டின் நுழைவுக்கும் வெளியேற்றத்துக்கும் குறிகள் வைத்திருக்கிறது; வால் சிக்கல் அங்கே அமைப்பிலேயே தீர்ந்துவிடுகிறது. வசனம் ஆயிரக்கணக்கில் உள்ள பெரிய திட்டங்களுக்கு அது பொருந்தும். கற்க மட்டும் கூடுதல் நாள் பிடிக்கும்.

வேலை தேடுகிறவர்கள் முடிந்த பாடல்களை மட்டும் அனுப்பாமல், பாராமீட்டரை நகர்த்தும்போது இசை எப்படி மாறுகிறது என்று திரையைப் பதிவு செய்து அனுப்புங்கள். ஓடும் கேமோடு லைவ் அப்டேட்டில் இணைத்து அளவுகளைத் திருத்துவதையும் அதில் காட்டினால், குழுவோடு வேலை செய்யத் தெரிந்தவர் என்பது வேலை தருகிறவர்களுக்கு உடனே புரியும்.