பெர்லினை நடந்து பார்க்க: பெரிய குழுவா, சிறு குழுவா, காதில் ஒலியா?

பெர்லினில் எங்களுக்கு இருந்தது மூன்றே நாள். நானும் அம்மாவும் ஊரின் நடுப்பகுதியை அந்த மூன்று நாளில் மூன்று விதமாக நடந்து பார்த்தோம். முதல் நாள் 'இலவச நடை' என்று சொல்கிறார்களே, முடிவில் மனசுக்குத் தோன்றியதைக் கொடுக்கும் பெரிய குழு, அது. இரண்டாம் நாள் வழிகாட்டி யாரும் இல்லை, செல்போனில் ஒலி வழிகாட்டி மட்டும். மூன்றாம் நாள் முன்கூட்டியே பணம் கட்டிப் பதிவு செய்த சிறு குழு, எங்களையும் சேர்த்து எட்டுப் பேர். மூன்றையும் பார்த்துவிட வேண்டும் என்று திட்டம் போட்டுப் போகவில்லை. முதல் நாள் மனசு நிறையவில்லை, அதனால் மூன்றாம் நாள் வரை போனது.

ஒரே ஒரு நடைக்குத்தான் நேரம் இருக்கிறது, எதில் போகலாம் என்று யாராவது கேட்டால், யோசிக்காமல் சிறு குழு என்பேன்.

மூன்றுக்கும் பொதுவானவை சில. எல்லாமே இரண்டரை, மூன்று மணி நேரத்தில் முடிந்துவிடும். ஆங்கிலம் போதும். கல் பாவிய தெருக்கள் என்பதால் நல்ல ஷூ வேண்டும். பிராண்டன்பர்க் வாயில், அதன் உச்சியில் இருக்கும் நான்கு குதிரைத் தேரை 1806ல் நெப்போலியன் பாரிஸுக்குக் கொண்டுபோனது, 1814ல் அது திரும்பி வந்தது, இதெல்லாம் எதில் போனாலும் கிடைக்கும்.

பணத்தைச் சொல்லிவிடுகிறேன். பெரிய குழுவில் முடிவில் ஆளுக்கு 12 யூரோ கொடுத்தோம். கட்டாயம் இல்லைதான், ஆனால் இரண்டரை மணி நேரம் தொண்டை வறளப் பேசியவரிடம் இரண்டு யூரோவை நீட்ட மனசு வராது. சிறு குழுவுக்கு ஆளுக்கு 19 யூரோ. யூரோ சுமார் நூறு ரூபாய் என்று வைத்துக்கொண்டால், எங்கள் இரண்டு பேருக்குமாகச் சேர்த்து வித்தியாசம் 1,400 ரூபாய். அவ்வளவு தூரம் விமானத்தில் போய் இறங்கியபின் முடிவை மாற்றக்கூடிய தொகை இது இல்லை என்பது என் கணக்கு. தனியாகச் சுற்றும் மாணவர்களுக்குக் கணக்கு வேறாக இருக்கலாம்.

என்னைப் பொறுத்தவரை முடிவைத் தீர்மானித்தது ஒரே விஷயம்: வழிகாட்டியைச் சுற்றி எத்தனை தலை நிற்கிறது என்பது.

முதல் நாள் எங்கள் குழுவில் முப்பது பேருக்குக் குறையாமல் இருந்தார்கள். வழிகாட்டி நல்ல திறமைசாலி, அதில் குறை சொல்ல ஒன்றும் இல்லை. நகரைக் கிழக்கு, மேற்கு என்று பிரித்த பெர்லின் சுவர் திறந்த நாளான 1989 நவம்பர் 9ஆம் தேதி மாலை, கிழக்கு ஜெர்மனியின் ஆளும் கட்சித் தலைவர்களில் ஒருவரான ஷபோவ்ஸ்கி பத்திரிகையாளர்களுக்கு முன்னால் காகிதத்தைப் புரட்டியபடி, எல்லையைக் கடக்கும் புதிய விதி உடனடியாக அமலுக்கு வருகிறது என்று தடுமாறிச் சொன்ன கதையை அவர் சொன்னபோது தெருவில் போகிறவர்கள்கூட நின்று கேட்டார்கள். அந்த மாதிரிக் கதைக்குக் கூட்டம் இருந்தால் இன்னும் களை கட்டும்.

ஆனால் பெர்லினில் பார்க்க வேண்டிய முக்கியமான சில இடங்கள் கூட்டத்துக்கு ஏற்றவை அல்ல. பேபெல்பிளாட்ஸ் சதுக்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1933 மே 10ஆம் தேதி இரவு நாஜி ஆதரவு மாணவர்கள் புத்தகங்களைக் கொண்டுவந்து கொட்டி எரித்த இடம். நினைவுச் சின்னம் தரைக்குக் கீழே இருக்கிறது. மிக்கா உல்மான் என்ற இஸ்ரேலியக் கலைஞர் வடிவமைத்தது. தரையோடு தரையாகப் பதித்த ஒரு கண்ணாடி. அதன் வழியாகக் குனிந்து பார்த்தால் கீழே ஓர் அறை, நான்கு சுவரிலும் வெள்ளை அலமாரிகள். சுமார் 20,000 புத்தகங்கள் கொள்ளும் அலமாரிகள், ஒரு புத்தகம்கூடக் கிடையாது.

அந்தக் கண்ணாடி ஒரு மீட்டரை விடக் கொஞ்சம் பெரிய சதுரம், அவ்வளவுதான். ஏழெட்டுப் பேர் சுற்றி நின்றால் இடம் முடிந்தது. முப்பது பேரில் நாங்கள் மூன்றாவது வரிசையில் நின்றோம். அம்மாவுக்கு உயரம் கம்மி. வழிகாட்டி என்ன சொன்னார் என்பதில் பாதி காதில் விழுந்தது. எங்கள் முறை வந்தபோது வெயில் கண்ணாடியில் பட்டு எதிரொளித்தது, எங்கள் முகம்தான் தெரிந்தது. அதற்குள் முன்னால் நின்றவர்கள் நகர ஆரம்பித்துவிட்டார்கள். அம்மா எங்கள் ஊர் மாவட்ட நூலகத்தில் முப்பது வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் பெர்லினில் பார்க்க ஆசைப்பட்ட ஒரே இடம் அது. அன்று இரவு அறையில், "பரவாயில்லைம்மா, படத்துல பார்த்ததுதானே" என்றார். அந்தப் பரவாயில்லைதான் என்னைச் சிறு குழுவைத் தேட வைத்தது.

கூட்டம் ஏன் இவ்வளவு பெரிதாகிறது என்பதற்கும் ஒரு காரணம் உண்டு. இலவச நடை நடத்தும் பல நிறுவனங்கள் வழிகாட்டிக்குச் சம்பளம் தருவதில்லை. மாறாக, வந்த ஆட்களை எண்ணித் தலைக்கு இவ்வளவு என்று வழிகாட்டியிடம் வாங்கிக்கொள்கின்றன. கிளம்பும் முன் குழுவை நிறுத்தி ஒரு படம் எடுக்கிறார்கள் இல்லையா, சில இடங்களில் தலை எண்ணுவதே அதை வைத்துத்தான். நிறுவனத்துக்கு ஆள் கூடினால் லாபம். கைக்காசைக் கொடுத்துத் தொடங்கும் வழிகாட்டிக்கோ அன்றைய வருமானம் முழுக்க முடிவில் விழும் நோட்டுகளில் இருக்கிறது. அதனால் அவர் எல்லோரையும் கவரும் கதைகளைச் சத்தமாகச் சொல்லியாக வேண்டும். நின்று நிதானித்து ஒருவர் கேள்விக்குப் பதில் சொல்ல நேரம் இருக்காது. தவறு அவருடையதில்லை, ஏற்பாடு அப்படி.

சிறு விஷயங்களிலும் இதே தலைக்கணக்கு வந்து நிற்கிறது. இரண்டு நடையிலும் நடுவில் ஒரு காபிக் கடையில் கால் மணி நேரம் நிறுத்தினார்கள். முப்பது பேருக்கு ஒரே கழிப்பறை என்றால் அந்தக் கால் மணி நேரமும் வரிசையிலேயே போய்விடுகிறது. அம்மா உட்காரவே இல்லை. வயதானவர்களை அழைத்துப் போகிறவர்கள் இதை யோசித்துப் பாருங்கள். சாலை கடக்கும்போது முன்பாதி ஒரு சிக்னலில், பின்பாதி அடுத்த சிக்னலில்.

இரண்டாம் நாள் ஒலி வழிகாட்டி. இதை ஒதுக்கித் தள்ள மாட்டேன். பெர்லின் தன் கடந்த காலத்தைப் பலகை வைத்து எழுதிவைத்திருக்கும் ஊர். நாஜிக் காவல்துறையின் தலைமையகம் இருந்த இடத்தில் உள்ள கண்காட்சிக்குக் கட்டணம் கிடையாது, எல்லாம் ஆங்கிலத்திலும் எழுதியிருக்கிறது, பக்கத்திலேயே பெர்லின் சுவரின் ஒரு நீண்ட துண்டு நிற்கிறது. அங்கே அவரவர் வேகத்தில் படித்துக்கொண்டு போவதுதான் சரி. கொல்லப்பட்ட ஐரோப்பிய யூதர்களுக்கான நினைவிடமும் அப்படித்தான். 2,711 சாம்பல் நிறக் கான்கிரீட் தூண்கள், நடுவில் ஒரு ஆள் போகும் அளவுக்குத்தான் இடைவெளி. உள்ளே போகப் போகத் தரை சரிகிறது, தூண்கள் தலைக்கு மேலே உயர்கின்றன. அங்கே காதில் பேச்சே வேண்டாம் என்று அம்மா ஒலிக்கருவியைக் கழற்றிவிட்டார். கால் வலித்தபோது 100ஆம் எண் பேருந்தின் மாடியில் ஏறி உட்கார்ந்தோம். சாதாரண நகரப் பேருந்துதான், ஆனால் முக்கிய இடங்களை ஒட்டியே போகிறது. ஒலி வழிகாட்டியில் எனக்கு இருந்த ஒரே குறை, அதனிடம் திருப்பிக் கேட்க முடியாது. ஹிட்லரின் பதுங்கு அறை இருந்த இடம் இன்று வெறும் வாகன நிறுத்தம், ஒரு தகவல் பலகை மட்டும், அதுவும் ரொம்பப் பிந்தி வைத்தது. "ஏன் இத்தனை வருஷம் பலகைகூட வைக்கல?" என்று அம்மா கேட்டார். எனக்குத் தெரியவில்லை, போனும் சொல்லவில்லை.

மூன்றாம் நாள் அதே கேள்வியை அதே இடத்தில் வழிகாட்டியிடம் கேட்டோம். அவர் நின்று பதில் சொன்னார். அந்த இடம் கிழக்கு பெர்லினில், சுவரின் ஓரத்தில் யாரும் நெருங்க முடியாத பகுதியில் இருந்தது, அடையாளம் வைத்தால் நவ நாஜிகள் கும்பிட வருவார்கள் என்ற பயமும் இருந்தது, 2006ல்தான் பலகை வந்தது என்றார். கூட வந்த ஒரு வயதான தம்பதி அதைத் தொடர்ந்து இன்னொன்று கேட்டார்கள். நடை முழுக்க இப்படித்தான் போனது. எட்டுப் பேர் என்றால் அது உரையாடல் ஆகிவிடுகிறது.

பேபெல்பிளாட்ஸில் வழிகாட்டி எங்களை முதலில் கண்ணாடியைச் சுற்றி நிற்க வைத்தார். எதையும் சொல்லவில்லை. எட்டுப் பேருக்கும் இடம் இருந்தது. வெயில் படும் பக்கத்தில் தன் கோட்டை விரித்துப் பிடித்து நிழல் கொடுத்தார், அறை தெளிவாகத் தெரிந்தது. அம்மா முழங்காலில் கையை ஊன்றிக் குனிந்து ரொம்ப நேரம் பார்த்தார். ஒவ்வொரு அலமாரியிலும் எத்தனை தட்டு என்று எண்ணிக்கொண்டிருந்தார் என்று பிறகு சொன்னார். நிமிர்ந்தபோது ஒரே ஒரு வார்த்தை: "யாழ்ப்பாணம்."

வழிகாட்டிக்கு அது கேட்டது. அது என்ன ஊர் என்று என்னிடம் கேட்டார். 1981ல் எரிக்கப்பட்ட நூலகத்தைப் பற்றி, ஓலைச்சுவடிகள் உட்பட 97,000 நூல்கள் போனதைப் பற்றி எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். மற்றவர்களும் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, நடையை வேறு இடத்தில் முடிக்கலாமா என்று எல்லோரிடமும் கேட்டார்.

அப்படித்தான் ஃபிரெட்ரிக்ஸ்ட்ராசே ரயில் நிலையத்துக்குப் போனோம். 1983க்குப் பிறகு இலங்கைத் தமிழர்கள் பலர் கிழக்கு பெர்லினின் ஷோனஃபெல்ட் விமான நிலையத்தில் வந்து இறங்கினார்கள். அங்கிருந்து இந்த நிலையம் வழியாக மேற்கு பெர்லினுக்குள் போனார்கள். நகரைப் பிரித்த கோட்டினை ஒரு நாட்டின் எல்லையாக மேற்குத் தரப்பு ஏற்றுக்கொள்ளவில்லை. அதனால் அந்தப் பக்கம் கடவுச்சீட்டைச் சோதிக்கும் வழக்கமும் இல்லை. மேற்கின் அழுத்தத்தில் சில ஆண்டுகளில் அந்த வழி அடைபட்டது. முதல் நாள் இதே நிலையத்தைக் கடந்து இரண்டு முறை போயிருந்தோம். இந்த ஊரின் கதைக்குள் நம் மக்களும் இருக்கிறார்கள் என்று எந்த ஒலிப்பதிவும் எங்களுக்குச் சொல்லவில்லை. அம்மா முணுமுணுத்த ஒரு சொல் வழிகாட்டியின் காதில் விழும் தூரத்தில் நாங்கள் நின்றதால் கிடைத்தது இது.

சரி, என் அனுபவத்தின் எல்லையையும் சொல்ல வேண்டும். ஒவ்வொன்றிலும் ஒரே ஒரு தடவைதான் போனேன், மூன்றாம் நாள் வழிகாட்டி அப்படி அமைந்தது அதிர்ஷ்டமாகவும் இருக்கலாம். நாங்கள் போனது மே மாதம். குளிர்காலத்தில் மூன்று மணி நேரம் வெளியே நிற்பது எப்படி இருக்கும் என்று எனக்குச் சொல்லத் தெரியாது. சின்னக் குழந்தைகளோடு போகிறவர்களுக்கு எது சரி என்றும் தெரியாது. இருபத்தைந்து வயதில் தனியாகப் போயிருந்தால் பெரிய குழுவே எனக்குப் பிடித்திருக்கும் என்று நினைக்கிறேன். முதல் நாள் எங்களோடு வந்த இளைஞர்கள் நடை முடிந்ததும் ஒன்றாகச் சாப்பிடப் போனார்கள்.

பதிவு செய்யும் முன் ஒன்று மட்டும் எழுதிக் கேளுங்கள்: அதிகபட்சம் எத்தனை பேர்? 'சிறு குழு' என்று போட்டுவிட்டு இருபது பேரைச் சேர்க்கிறவர்களும் இருக்கிறார்கள். எனக்குப் பதில் எழுதிய மூன்று பேரில் ஒருவர்தான் பத்துக்கு மேல் எடுப்பதில்லை என்று நேராகச் சொன்னார். அவரிடமே பதிவு செய்தேன்.

இன்னொன்று. அந்த ரயில் நிலையத்தை ஒட்டி 'கண்ணீர் மாளிகை' என்று ஒரு கண்ணாடிக் கட்டடம் இருக்கிறது. கிழக்கிலிருந்து மேற்குக்குப் போகிறவர்களை உறவினர்கள் வழியனுப்பிய இடம், இப்போது கட்டணம் இல்லாத அருங்காட்சியகம். திங்கட்கிழமை அதற்கு விடுமுறை. எங்கள் மூன்றாம் நாள் திங்கட்கிழமையாகப் போனது. கண்ணாடியில் இரண்டு கையையும் குவித்து வைத்து உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, "அடுத்த தடவை" என்றார் அம்மா.