பெட்டியில் சிசிலி, பிறந்தது மாஸ்கோ: மாஃபியா சீட்டுக்கட்டு எப்படி?

பள்ளி விடுமுறை வந்தால் தென்னாப்பிரிக்காவின் டர்பனில் சாட்ஸ்வொர்த், பீனிக்ஸ் பக்கத்துக் கடைகளில் ஒரு கறுப்புப் பெட்டி தலைகாட்டும். தயாரித்தவர் பெயர்கூட அதில் இல்லை, 'மாஃபியா' என்று சிவப்பில் எழுதியிருக்கும், அவ்வளவுதான். உள்ளே 20 சீட்டு: மாஃபியா 4, மாஃபியாவின் தலைவன் 1, துப்பறிவாளர் 1, வைத்தியர் 1, ஊர்க்காரர் 13. கூடவே ஒரு மெல்லிய கையேடு. பலகையும் இல்லை, பகடையும் இல்லை. லோட்ஷெடிங் என்னும் மின்வெட்டு நேரத்தில் ஒரு மெழுகுவத்தி போதும். பாதி ஆட்டம் எல்லாரும் கண்ணை மூடிக்கொண்டுதானே இருக்கப்போகிறார்கள்!

விதி எளிது. இரவில் ஊர் கண்ணை மூடும். மாஃபியா மட்டும் விழித்து, கொல்ல வேண்டியவரைக் கைகாட்டும். பிறகு துப்பறிவாளர் விழித்து, ஒருவர் மாஃபியாவா என்று ஆட்டத்தை நடத்துபவரிடம் கேட்டறிவார்; வைத்தியர் விழித்து ஒருவரைக் காப்பாற்றுவார். பகலில் எல்லாரும் வாதாடி, ஓட்டுப் போட்டு ஒருவரை வெளியேற்றுவார்கள். மாஃபியா முழுதும் அழிந்தால் ஊர் ஜெயித்தது. மாஃபியாவும் ஊர்க்காரரும் சமமாகிவிட்டால் ஊர் தோற்றது.

கையேடு சறுக்குவது எண்ணிக்கையில். 7 பேருக்கு 2 மாஃபியா போடச் சொல்கிறது. துப்பறிவாளர் இல்லாமல், பகலில் தொடங்கி, ஊர் குருட்டாம்போக்கில் ஓட்டுப் போட்டால் அது ஜெயிக்கும் வாய்ப்பு சுமார் 23 சதவீதம்தான். ஒரே மாஃபியா என்றால் 54. 9 பேருக்கு 2 மாஃபியா போட்டாலும் 30-ஐத்தான் எட்டும். அங்கே துப்பறிவாளரும் வைத்தியரும் கட்டாயம் வேண்டும்.

இன்னொன்றைக் கையேடு தொடவே இல்லை. ஒரு மாஃபியா ஆட்டத்தில் 5 பேர் இருந்தால் ஊருக்கு 47 சதவீதம். ஆறாவதாக ஒருவர் வந்து உட்கார்ந்தால் கூட வேண்டியது, 37.5-க்கு இறங்கிவிடும். இரட்டைப்படையில் ஊருக்கு ஓட்டு வாய்ப்பு ஒன்றும் கூடுவதில்லை, சந்தேகப்பட ஒரு தலைதான் கூடுகிறது. மருந்து சுலபம்: ஒற்றைப்படை என்றால் பகலில் தொடங்குங்கள், இரட்டைப்படை என்றால் இரவில். 6 பேர் இரவில் தொடங்கினால் ஒருவர் போய் 5 ஆகும், 47 திரும்பி வரும்.

'தலைவன்' சீட்டைப் 10 பேருக்குக் குறைவான ஆட்டத்தில் பெட்டியிலேயே விட்டுவிடுங்கள். துப்பறிவாளர் சோதித்தாலும் அவன் ஊர்க்காரனாகத்தான் தெரிவான். சின்னக் கூட்டத்தில் அது துப்பறிவாளரின் வேலையையே வீணாக்கிவிடும்.

சீட்டின் தாள் மெல்லியது. நாலைந்து ஆட்டத்திலேயே மூலை மடங்கும், அதற்கப்புறம் மாஃபியா சீட்டு யார் கையில் என்று முதுகைப் பார்த்தே சொல்லிவிடலாம். 63×88 மில்லிமீட்டர் பிளாஸ்டிக் உறை வாங்கி முதல் நாளே போட்டுவிடுவது நல்லது. வளையல் சத்தமும் ஆளைக் காட்டிக்கொடுக்கும். இரவு முழுக்க எல்லாரும் தொடையில் தட்டிக்கொண்டிருக்க வேண்டும். நடத்துபவர் நடமாடாமல் ஒரே இடத்தில் நின்று பேசட்டும். வைத்தியர் செத்த பிறகும் "வைத்தியர் விழிக்கலாம்" என்று கூப்பிட்டு, வழக்கமான நேரம் காத்திருக்க வேண்டும். அதை மறந்தால் செத்தது யார் என்று ஊருக்கே தெரிந்துவிடும். ஆட்டம் கெடுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

கையேட்டின் வரலாற்றுப் பக்கத்துக்கு வருவோம். இது சிசிலியின் நாட்டுப்புற ஆட்டமாம்! உண்மையில் 1986-இல் மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தில் உளவியல் படித்த திமித்ரி டேவிடோஃப் உருவாக்கியது இது. அதே 1986 பிப்ரவரி 10-இல்தான் சிசிலியின் பலெர்மோவில் மாஃபியா மீதான மாபெரும் வழக்கு தொடங்கியது. 1987 டிசம்பர் 16-இல் தீர்ப்பு வந்தபோது 300-க்கும் மேற்பட்டோர் தண்டிக்கப்பட்டார்கள். கையேட்டில் இதைப் பற்றி ஒரு வரி இல்லை. அதில் வரும் 'கன்சிலியேரே' (ஆலோசகர்), 'அண்டர்பாஸ்' (துணைத் தலைவர்) எல்லாம் நியூயார்க் மாஃபியா குடும்பங்களை வைத்துப் பிரபலமான பதவிப் பெயர்கள்.

சிசிலி மாஃபியாவின் அமைப்பை உள்ளிருந்து விளக்கியவர் அதன் உறுப்பினர் தொம்மாசோ புஸ்கெத்தா. 1984-இல் நீதிபதி ஜொவான்னி ஃபால்கோனேயிடம் அப்ரூவராகி வாய் திறந்தார். அடிமட்டத்தில் 'மரியாதைக்குரிய மனிதன்', ஏறக்குறைய பத்துப் பேருக்கு ஒரு தலைவன், அதற்கு மேல் குடும்பம், பக்கத்துப் பக்கத்துக் குடும்பங்கள் மூன்று சேர்ந்தால் ஒரு மந்தமெந்தோ, எல்லாவற்றுக்கும் மேலே ஆணையம். சேருபவனின் விரலைக் குத்தி, ரத்தத்தைப் புனிதர் படத்தில் தடவி, உள்ளங்கையில் வைத்து எரிப்பார்கள். இவ்வளவையும் வெளிக்கொண்டு வந்த ஃபால்கோனேயை 1992 மே 23-இல் கபாச்சி அருகே நெடுஞ்சாலைக்கு அடியில் குண்டு வைத்துக் கொன்றார்கள்.

அங்கே இன்னொரு கட்டுப்பாடும் உண்டு. உறுப்பினர் இருவர் தாங்களாக அறிமுகமாகிக்கொள்ளக் கூடாது. இருவரையும் அறிந்த மூன்றாமவன்தான் சேர்த்துவைக்க வேண்டும். ஆட்டத்திலோ எல்லா மாஃபியாவும் ஒரே நேரத்தில் கண் திறந்து பல்லிளிக்கிறார்கள். 13 பேருக்கு மேல் சேர்ந்தால் இப்படி மாற்றி ஆடலாம்: மூன்று மாஃபியாவில் முதலாமவரையும் இரண்டாமவரையும் முதலில் எழுப்புங்கள், பிறகு இரண்டாமவரையும் மூன்றாமவரையும். ஓரத்து இருவருக்கும் ஒருவரையொருவர் தெரியாது. கொலையை நடுவில் உள்ள இரண்டாமவர் முடிவு செய்வார். ஊர் அவரை வெளியேற்றிவிட்டால் மற்ற இருவரையும் தனித்தனியே எழுப்ப வேண்டும். இருவர் விரலும் ஒரே ஆளைக் காட்டினால்தான் சாவு. பகலில் ஒரு மாஃபியா இன்னொரு மாஃபியாவுக்கு எதிராகவே முழங்குவதைப் பார்க்கலாம். இந்தப் பெட்டியில் கிடைக்கும் நல்ல ஆட்டம் இதுதான், ஆனால் கையேட்டில் இல்லை.

தென்னாப்பிரிக்காவில் விற்கும் பெட்டிக்குச் சிசிலியைத் தேடிப்போக வேண்டிய அவசியமும் இல்லை. நம் சிறைகளின் 'நம்பர்' கும்பல்கள் சொல்லும் பழங்கதையில் கொள்ளைக்காரன் நொங்கொலோசாவின் ஆட்கள் இரவில் கொள்ளையடிப்பார்கள், கிலிகிஜானின் ஆட்கள் பகலில். அவர்களிடமிருந்து '28', '27' என்னும் கும்பல்கள் வந்தன. '26' கும்பல் அவர்களோடு சேர்ந்தது டர்பன் பாயின்ட் சிறையில் என்பார்கள். இரவும் பகலும் கதையிலேயே தயாராக இருக்கின்றன. சீட்டில் படம் வரைந்தவர் ஏன்தான் தொப்பியையும் சுருட்டையும் பிடித்துக்கொண்டாரோ.

வாங்கலாமா? 12 பேருக்கு மேல் அடிக்கடி கூடும் வீடு என்றால் வாங்கலாம், உறைக்கும் சேர்த்துக் காசு ஒதுக்குங்கள். அதற்குக் குறைவான கூட்டத்துக்கு தூனி என்னும் நம்மூர்ச் சீட்டாட்டத்துக்காக வீட்டில் கிடக்கும் கட்டே போதும். தூனிக்கு 9 முதல் ஏஸ் வரை 24 சீட்டுதான் போகும். மிச்சம் 28-இல் கணக்கு வைக்க எடுப்பவை போக மற்றவை கைபடாமல் முதுகு புதிதாகவே இருக்கும். ஸ்பேட் 2, 3 மாஃபியா. ஹார்ட்ஸ் 2 வைத்தியர். டைமண்ட் 2 துப்பறிவாளர். கிளப் எல்லாம் ஊர்க்காரர்.