காரைக்கால் பழைய ஊர் நடை: ‘குட்டி பிரான்ஸ்’ என்று அழைத்துப்போய்க் காட்டியது வேறு ஊர்

தலைக்கு 600 ரூபாய். காலை ஏழரைக்குத் தொடங்கிப் பதினொன்றுக்கு முடித்துவிடுவோம் என்றார்கள். முடியும்போது மணி பன்னிரண்டைத் தாண்டிவிட்டது. கொடுத்த காசுக்கு முதல் ஒரு மணி நேரம் வீண், அதற்கப்புறம் வந்ததெல்லாம் லாபம். பெயரைச் சொல்லி அவர்கள் பிழைப்பில் மண்ணைப் போட எனக்கு இஷ்டமில்லை. காரைக்காலில் இப்படி நடத்துகிறவர்கள் எத்தனை பேர் இருந்துவிடப் போகிறார்கள், விசாரித்தால் தெரிந்துவிடும்.

நான் பொறையாரில் கடை வைத்திருப்பவன். எல்லைக்கு இந்தப் பக்கம், தமிழ்நாட்டில் இருக்கிற எங்களுக்குப் புதுச்சேரியைச் சேர்ந்த காரைக்கால் என்றால் மலிவு பெட்ரோலும் ஜவுளிக்கடையும்தான். சிலருக்கு எல்லையில் இருக்கிற பூவத்தைத் தாண்டியதுமே வந்த வேலை முடிந்துவிடும், அது வேறு கதை. பாரீஸில் இருக்கும் சித்தப்பா மகன் ஊருக்கு வந்திருந்தான். அவன்தான் போனில் தேடிப் பிடித்து இரண்டு பேருக்குப் பணம் கட்டினான். விளம்பரத்தில் ‘குட்டி பிரான்ஸ்’ என்று போட்டிருந்ததைப் பார்த்து, “பெரிய பிரான்ஸிலிருந்து கிளம்பி இதைப் பார்க்கவா வந்தே?” என்று கேட்டேன்.

அந்த முதல் ஒரு மணி நேரம் அந்த விளம்பரத்துக்காகவே செய்ததுதான். பழைய கட்டடத்தின் முன்னால் நின்று படம், சிவப்புத் தொப்பி போட்ட போலீஸ்காரரோடு செல்ஃபி, பிரெஞ்சு பெயர் உள்ள தெருப்பலகைக்குக் கீழே குழுப் படம். வழிகாட்டித் தம்பிக்கு இருபத்தைந்து வயது இருக்கும். நல்ல குரல், நல்ல பையன். ஆனால் “இந்த ஊரையே பிரெஞ்சுக்காரங்கதான் உருவாக்குனாங்க” என்று ஆரம்பித்ததும் எனக்குப் பொறுக்கவில்லை.

“தம்பி, அவங்க வந்தது 1739. காரைக்கால் அம்மையார் எப்போ?” என்றேன்.

சிரித்துவிட்டான். “அது ஒன்பது மணிக்கு வரும் சார்.”

சொன்னபடியே வந்தது. பிரெஞ்சுக்காரர்கள் ஊரை வாங்கிய கதையையும் அவன் நன்றாகத்தான் சொன்னான். தஞ்சாவூர் மராட்டிய அரியணைக்கு அடிதடி நடந்துகொண்டிருந்தபோது சாகுஜி புதுச்சேரியில் இருந்த கவர்னர் துய்மாவிடம் உதவி கேட்கிறார், பதிலுக்குக் காரைக்காலைத் தருவதாக 1738-இல் பேச்சு. அரியணை கிடைத்ததும், விலை பேசி முடித்த மனைக்குப் பத்திரம் எழுத இழுத்தடிக்கிற ஆளைப் போலப் பின்வாங்குகிறார். கடைசியில் ஆற்காட்டு நவாபின் மருமகன் சந்தா சாகிப் படையை அனுப்பி ஊரைப் பிடித்துப் பிரெஞ்சுக்காரர்களிடம் கொடுக்கிறார். பின்னால் தஞ்சாவூர் ராஜா பிரதாபசிங் காலத்தில் சுற்றுக் கிராமங்களும் சேர்ந்தன. நடுவில் 1760-இல் ஆங்கிலேயர் பிடித்தார்கள், திருப்பிக் கொடுத்தார்கள், மறுபடி பிடித்தார்கள். 1817-இல்தான் நிலையாகப் பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்தது. நாங்கள் தினமும் பஸ்ஸில் தாண்டுகிற எல்லைக்குப் பின்னால் இவ்வளவு பேரமும் சண்டையும் இருந்திருக்கிறது.

அம்மையார் கோயில் வாசலில்தான் நடை சூடு பிடித்தது. மாங்கனிக் கதை யாருக்குத் தெரியாது? தம்பி மாம்பழத்தைச் சீக்கிரம் முடித்துவிட்டுக் கப்பல் கதைக்குப் போனான். அம்மையாரின் இயற்பெயர் புனிதவதி. அவருடைய அப்பா தனதத்தன் வணிகர்களுக்குத் தலைவர். மாப்பிள்ளை பரமதத்தன் நாகப்பட்டினத்து வணிகர் வீட்டுப் பிள்ளை. மனைவியின் தெய்வத்தன்மையைக் கண்டு பயந்தவன் கப்பலேறிப் போய்ப் பொருள் சேர்த்து, பாண்டிநாட்டுத் துறைமுகத்தில் இறங்கி இன்னொரு கல்யாணம் செய்துகொள்கிறான். பிறந்த பெண்ணுக்குப் புனிதவதி என்றே பெயர் வைக்கிறான். சேக்கிழார் இந்தக் கதையைத் தொடங்கும்போதே பெருவணிகர் குடிகள் நெருங்கிய ஊர் என்றும், அலை சங்குகளைச் சுமந்து கொண்டுவந்து சேர்க்கிற ஊர் என்றும்தான் காரைக்காலைச் சொல்கிறார். அம்மையாரை ஆறாம் நூற்றாண்டு வாக்கில் வைக்கிறார்கள். அப்போதே இந்த ஊர் ஆண்கள் கடலுக்குப் போவதும் வீட்டில் பெண்கள் காத்திருப்பதும் வாடிக்கைதான் போலிருக்கிறது.

அங்கிருந்து மரைக்காயர் வீடு ஒன்றுக்குக் கூட்டிப்போனான். 600 ரூபாயில் 400 இந்த வீட்டுக்கே சரி. உயரமான திண்ணை, உள்ளே வெளிச்சம் விழும் முற்றம், ஒரு கை கொண்டு அணைக்க முடியாத பருமனில் பர்மாத் தேக்குத் தூண்கள். ஒரு தூணில் இடுப்பு உயரத்துக்கு மட்டும் பாலிஷ் போய் வழவழவென்று இருந்தது. “எல்லாரும் இதுல சாஞ்சுதான் பேசுறது, நாலு தலைமுறையா” என்றார் வீட்டுக்கார அம்மா. தம்பி அவரை ‘லாத்தா’ (அக்கா) என்று கூப்பிட, அவர் எங்கள் எல்லாருக்கும் சுடச்சுட வாடா கொண்டுவந்து வைத்தார். அரைத்த அரிசி மாவில் வெங்காயம் சேர்த்துத் தட்டி, மேலே ஒரு இறாலை அழுத்திப் பொரிப்பது. ஓரம் மொறுமொறு, நடுவில் மெத்து, இறால் மட்டும் கொஞ்சம் கருகலாக. நான் மூன்று தின்றேன். அந்த வீட்டு ஆண்களும் தலைமுறை தலைமுறையாகக் கப்பலேறியவர்கள்தான், சிங்கப்பூருக்கும் வியட்நாமில் இருக்கிற சைகோனுக்கும்.

சைகோன் என்றதும் என் சித்தப்பா மகன் வாயைத் திறந்தான். அவன் அம்மா வழித் தாத்தா காரைக்கால்காரர், பிரெஞ்சு சர்க்காரில் சைகோனில் குமாஸ்தா. 1954 நவம்பர் 1-இல் ஊர் நிர்வாகம் இந்தியாவிடம் வந்து, 1962 ஆகஸ்ட் 16-இல் ஊரை இந்தியாவுக்குக் கொடுக்கிற ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தபோது, பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டுமென்றால் ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடு என்று சொல்லியிருக்கிறார்கள். தாத்தா எழுதிக் கொடுத்தார், அவர் தம்பி கொடுக்கவில்லை. ஒரு வீடு, இரண்டு பாஸ்போர்ட். கூட வந்தவர்கள் படம் எடுப்பதை நிறுத்திவிட்டு இதைத்தான் கேட்டார்கள்.

குறை சொல்ல வேண்டுமென்றால் இப்படிக் கடல் கடந்து போனவர்கள் கதையிலிருந்தே தொடங்குவேன். 1848-இல் பிரெஞ்சுக் குடியேற்றங்களில் அடிமை முறை ஒழிந்தபின், கரும்புத் தோட்ட வேலைக்குப் புதுச்சேரியிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் ரீயூனியன், மார்த்தினிக், குவாதலூப் தீவுகளுக்குக் கப்பல் கப்பலாக ஆளை ஏற்றிப் போனார்கள். தேக்குத் தூண் வீட்டுக்காரர்கள் போன அதே கடல், இவர்கள் போனது ஒப்பந்தக் கூலியாக. அதற்கு இந்த நடையில் ஐந்து நிமிடம்தான், அதுவும் வெயிலில் நின்றபடி. செல்ஃபி நேரத்தை இதற்குக் கொடுத்திருக்கலாம். கல்லறைத் தோட்டத்தின் சாவிக்கு முன்கூட்டியே சொல்லி வைக்கவில்லை, கேட்டுக்கு வெளியே நின்று எட்டிப் பார்த்துவிட்டு வந்தோம். தேற்றரவு மாதா கோயிலில் பூசை நடந்துகொண்டிருந்ததால் உள்ளே போக முடியவில்லை. ஞாயிற்றுக்கிழமை பூசை இருக்கும் என்பது தெரியாதா என்ன? மஸ்தான் சாகிப் தர்காவிலும் அவசரம்தான். குடிக்கத் தண்ணீர் தரவில்லை. பன்னிரண்டு பேருக்கு ஒரு வழிகாட்டி என்பதும் அதிகம், பின்னால் நடந்தவர்களுக்குப் பாதி கதை போய்ச் சேரவில்லை.

போகிறவர்கள் தை, மாசியில் போங்கள், சித்திரையில் வேண்டவே வேண்டாம். வார நாளாக இருந்தால் மாதா கோயிலையும் பார்க்கலாம். சின்னப் பிள்ளைகளைக் கூட்டிப்போனால் வாடாவுக்கு முன்னாலேயே அழ ஆரம்பித்துவிடும். ஆனி மாதம் மாங்கனித் திருவிழா சமயத்தில் இதற்குப் பணம் கட்டாதீர்கள். அன்றைக்கு மாடியிலிருந்து மாம்பழம் வந்து விழும், தெருவில் நின்று பிடித்தால் போதும். காலை ஏழரைக்கு வர முடியாதவர்கள் ஒன்பது மணிக்கு அம்மையார் கோயில் வாசலில் சேர்ந்துகொள்ளலாமா என்று கேட்டுப் பாருங்கள். எங்களோடு ஒரு தம்பதி அப்படித்தான் வந்து சேர்ந்தார்கள், அவர்களிடம் 450 தான் வாங்கினார்கள்.