தாத்தா கூப்பிடுகிறார், போனுக்குள் கை போகவில்லை

கம்பத்தில் விடியற்காலையில் ஏலத்தோட்டத்துக்குக் கிளம்பும் எங்கள் ஜீப், கேரள எல்லை மலையான கம்பம்மெட்டு ஏறி சிக்னல் போகும் வரைக்கும் யாராவது ஒருத்தர் போனில் யூடியூப் சமையல் சேனலான வில்லேஜ் குக்கிங் சேனல் ஓடிக்கொண்டேதான் இருக்கும். புதுக்கோட்டைப் பக்கத்துப் பெரியதம்பி தாத்தாவும் பேரன்களும் 2018ல் ஆரம்பித்தது, 2021ல் ஒரு கோடி சந்தாதாரர்களைத் தாண்டியது, அதெல்லாம் தெரிந்த கதை.

எனக்கு சமையலைவிட கடைசிக் கட்டம்தான். இலை விரித்து எல்லாரும் சேர்ந்து உட்காருவார்கள், தாத்தா எலும்பைப் பிடித்து ஒரு இழு இழுப்பார் பாருங்கள், அதில் நடிப்பே கிடையாது. சமைத்ததை ஆதரவற்றவர்களுக்கும் முதியவர்களுக்கும் கொண்டுபோய்ப் பரிமாறுவதையும் காட்டுவார்கள், அதை நான் ஓட்டிவிடாமல் பார்ப்பேன்.

குறை இல்லாமல் இல்லை. மஞ்சள்தூள், மல்லித்தூள் என்று ஒவ்வொன்றின் பேரையும் சொல்லி அந்தக் கத்தல், எங்கம்மா சத்தத்தைக் குறைத்துவிட்டுத்தான் பார்ப்பார். அப்புறம் அளவு. அண்டா கணக்கை அரைக் கிலோ கறிக்குச் சுருக்கிப் பார்த்தேன், மிளகு தூக்கலாகி வீட்டில் எல்லாருக்கும் மூக்கு ஒழுகியதுதான் மிச்சம். சமையல் கற்றுக்கொள்ள இது சரிப்படாது.

பசியைக் கிளப்புவதற்கு இதை அடிக்க ஆள் இல்லை. மத்தியானம் தோட்டத்தில் தூக்குச்சட்டிகளைத் திறந்தால் பாண்டியக்காவின் கருவாட்டுக் குழம்பு மூடியில் ஊற்றப்பட்டு கை மாறி வரும், பக்கத்து வரிசை மலையாளச் சேச்சி கப்பையை, அதாவது அவித்த மரவள்ளிக்கிழங்கை, பிட்டு அதில் தோய்ப்பார், எவனாவது ஒருத்தன் தாத்தா குரலில் "எல்லாரும் வாங்க" என்பான்.