முன்கையோடு வரும் கை எலும்பு மாதிரி: வாங்கும்முன் எதைத் திருப்பிப் பார்க்க வேண்டும்

கை எலும்பு மாதிரி வாங்க நினைப்பவர்கள் மணிக்கட்டோடு நின்றுவிடுகிற வகையைத் தொடவே வேண்டாம். விலை குறைவு, மேசையில் இடம் அடைக்காது என்பதெல்லாம் உண்மைதான். ஆனால் கைக்கான திசைச் சொற்களில் பாதி, முன்கையின் இரண்டு எலும்புகளை வைத்துத்தான் பேசப்படுகின்றன. கட்டைவிரல் பக்கம் ரேடியல், சுண்டுவிரல் பக்கம் அல்னர். ரேடியஸும் அல்னாவும் இல்லாத மாதிரியில் அந்த இரண்டு சொற்களும் பிடிமானம் இல்லாமல் நிற்கும். எனவே இந்த விமர்சனம் முழங்கை முனையிலிருந்து விரல் நுனி வரை வரும் ஆளளவு மாதிரியைப் பற்றியது, அதிலும் எலாஸ்டிக் கயிற்றில் கோத்த வகையைப் பற்றியது. மருத்துவம், இயன்முறை சிகிச்சை, செவிலியம் படிப்பவர்களுக்கு இதைவிடப் பயன்படும் கருவி வேறில்லை என்றே சொல்வோம். ஒரே நிபந்தனை, சரியாகக் கோத்திருக்க வேண்டும். தவறாகக் கோத்தது கையில் வந்தால் அது இல்லாமலிருப்பதே மேல். தப்பு கண்ணில் பதிந்துவிட்டால் எடுப்பது கஷ்டம்.

பெட்டியைத் திறந்ததும் எண்ணுங்கள். மணிக்கட்டில் 8, உள்ளங்கையில் மெட்டகார்பல் 5, விரல்களில் 14, ஆகக் கையில் 27. முன்கையின் இரண்டைச் சேர்த்தால் 29. குறைந்தால் பெரும்பாலும் காணாமல் போயிருப்பது பட்டாணி அளவுள்ள மணிக்கட்டு எலும்பான பிசிஃபார்ம். அதை ஒட்டு மட்டும் போட்டு வைத்திருந்தால் பயணத்தில் தெறித்துவிடும், பெட்டியின் மூலையில் தேடிப் பாருங்கள்.

கட்டமைப்பில் வேறு வகைகளும் உண்டு. கம்பியில் கோத்தவை வரிசை மாறாது, நீண்ட காலம் உழைக்கும். ஆனால் எலும்புகளை விலக்கி மூட்டின் முகங்களைப் பார்க்க முடியாது. மணிக்கட்டு எட்டையும் ஒரே கட்டியாக வார்த்தவை காட்சிக்கு மட்டுமே. காந்தம் பதித்தவை பிரித்துச் சேர்க்க எளிது என்றாலும், படிக்கத் தொடங்கியவர் எலும்பைப் புரட்டி ஒட்டினாலும் அது பிடித்துக்கொள்ளும் என்பதால் ஆரம்பத்துக்கு உகந்ததல்ல. எலாஸ்டிக் வகையில் இரண்டு எலும்புகளை இழுத்து விலக்கி உள்ளே எட்டிப் பார்க்கலாம், விட்டால் தன் இடத்துக்குத் திரும்பிவிடும்.

முதல் சோதனை சுழற்சி. மாதிரியை உள்ளங்கை மேலே தெரியும்படி மேசையில் கிடத்துங்கள். ரேடியஸும் அல்னாவும் இணையாகக் கிடக்க வேண்டும். இப்போது அல்னாவின் முழங்கை முனையை ஒரு கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு, மறு கையால் மாதிரியின் கையைப் புரட்டி உள்ளங்கையைக் கீழே கொண்டுவாருங்கள். நல்ல மாதிரியில் ரேடியஸின் மேல்முனை இருந்த இடத்திலேயே உருளும். கீழ்முனை அல்னாவுக்கு முன்புறமாகத் தாண்டி மறுபக்கம் போகும், இரண்டு எலும்புகளும் குறுக்கே நிற்கும். அல்னா அநேகமாக அசையாது. பல மாதிரிகளில் முன்கை எலும்புகள் இரண்டையும் மேலும் கீழும் திருகாணி போட்டு இறுக்கிவிடுகிறார்கள். அப்படிப்பட்டதை வாங்கினால் பாதிப் பயன் போச்சு.

இந்த ஒரு அசைவு ஏன் இவ்வளவு முக்கியம்? உடற்கூற்றியல் நிலையில், அதாவது உள்ளங்கை முன்னோக்கி இருக்கும்போது, கட்டைவிரல் உடலின் நடுக்கோட்டிலிருந்து விலகிய பக்கம். எனவே அது லேட்டரல், சுண்டுவிரல் மீடியல். கையைப் புரட்டியதும் கட்டைவிரல் உடலை நோக்கித் திரும்பிவிடுகிறது. விதிப்படி பெயர் மாறாது என்றாலும், படுக்கையில் கையை மடக்கி வைத்திருக்கும் நோயாளியைப் பார்த்து ‘லேட்டரல் பக்கம் காயம்’ என்று குறிப்பு எழுதினால், படிப்பவர் எதைப் புரிந்துகொள்வார் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. ரேடியல், அல்னர் என்றால் கை எப்படித் திரும்பினாலும் குழப்பம் வராது. கை அறுவை சிகிச்சைக்காரர்கள் மீடியல், லேட்டரலைத் தவிர்த்து இந்த இரண்டையே பிடித்துக்கொள்வது இதனால்தான். ரேடியஸ் நெடுக ஒரு சிவப்பு டேப் ஒட்டி, கையை நாலைந்து முறை புரட்டிப் பாருங்கள். சிவப்பு எலும்பு எந்த விரலின் வரிசையில் முடிகிறது என்பது அதன்பின் மறக்காது.

விரல்களையும் பெயர் சொல்லியே குறிப்பது நல்லது: கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல், மோதிரவிரல், சுண்டுவிரல். ‘இரண்டாவது விரல்’ என்றால் கட்டைவிரலிலிருந்து எண்ணியதா, அதை விட்டுவிட்டு எண்ணியதா என்ற கேள்வி வரும். மெட்டகார்பலுக்கு மட்டும் அந்தச் சிக்கல் இல்லை, கட்டைவிரலுடையது 1, சுண்டுவிரலுடையது 5.

அடுத்து மணிக்கட்டு. மாதிரிகள் அதிகம் கோட்டை விடுவது இங்கேதான். முன்கையை ஒட்டிய வரிசை, அதாவது ப்ராக்சிமல் வரிசை, ரேடியல் பக்கத்திலிருந்து ஸ்காஃபாய்டு, லூனேட், ட்ரைக்வெட்ரம், பிசிஃபார்ம். விரலை நோக்கிய டிஸ்டல் வரிசை அதே திசையில் ட்ரப்பீசியம், ட்ரப்பீசாய்டு, கேப்பிடேட், ஹேமேட். பட்டியலில் பிசிஃபார்ம் நான்காவதாக வருவதால் அது ட்ரைக்வெட்ரத்துக்குப் பக்கத்தில், ஓரத்தில் இருப்பதாக நினைத்து அங்கே ஒட்டிய மாதிரிகள் உண்டு. தவறு. அது ட்ரைக்வெட்ரத்தின் பால்மர் முகத்தின் மேல், உள்ளங்கைப் பக்கம் ஏறி உட்கார்ந்திருக்க வேண்டும். புறங்கைப் பக்கமிருந்து, அதாவது டார்சல் பக்கமிருந்து பார்த்தால் ட்ரைக்வெட்ரம் அதை மறைக்க வேண்டும்.

மாதிரியை விரல் நுனிகள் உங்களை நோக்கியிருக்கும்படி பிடித்து, மணிக்கட்டை நேராகப் பாருங்கள். எலும்புகள் தட்டையாக நிற்காமல் உள்ளங்கைப் பக்கம் குழிந்த வளைவாக நிற்க வேண்டும். அல்னர் ஓரத்தில் பிசிஃபார்மும் ஹேமேட்டின் கொக்கியும் எழும்பி நிற்கும். ரேடியல் ஓரத்தில் ஸ்காஃபாய்டின் முண்டும் ட்ரப்பீசியத்தின் முண்டும். இந்த நான்கு தூண்களுக்கு மேல் நார்ப்பட்டை விரிந்து கூரையாகி, கார்ப்பல் டனல் உருவாகிறது. அதன் வழியே மடக்கு தசைநாண்கள் 9, கூடவே மீடியன் நரம்பு. ஹேமேட்டின் கொக்கி உடைந்தோ புறங்கைப் பக்கம் திரும்பியோ இருந்தால் மாதிரியைத் திருப்பி அனுப்புங்கள். அந்தக் கொக்கி எப்போதும் உள்ளங்கைப் பக்கமே.

பால்மர் என்பதற்குப் பதிலாக வோலார் என்று எழுதிய லேபிள்களும் வரும். இரண்டும் ஒரே பக்கம்தான், கவலைப்பட வேண்டாம்.

ரேடியஸின் கீழ்முனையில் புறங்கைப் பக்கம் விரலால் தடவுங்கள். ஒரு சிறு மேடு தட்டுப்பட வேண்டும், லிஸ்டர் முண்டு. கட்டைவிரலை நீட்டும் நீள் தசைநாண் இதன் அல்னர் பக்கமாக வந்து, இதைச் சுற்றிக் கட்டைவிரலை நோக்கித் திரும்புகிறது. மலிவான வார்ப்புகளில் இந்த மேடு மழுங்கிப்போயிருக்கும். அது இருந்தால் ரேடியஸ் தனியாகக் கழன்று வந்தாலும் எது டார்சல் என்று உடனே சொல்லிவிடலாம். ரேடியஸின் கூர்முனை அல்னாவின் கூர்முனையைவிட ஏறத்தாழ 1 செ.மீ. விரல் பக்கமாக நீண்டிருப்பதையும் சரிபாருங்கள். இரண்டும் சம உயரத்தில் நின்றால் கோத்ததில் பிழை. மணிக்கட்டு சுண்டுவிரல் பக்கம் அதிகமாகவும் கட்டைவிரல் பக்கம் குறைவாகவும் சாய்வது ஏன் என்று இதைப் பார்த்தாலே புரியும்.

‘தலை’ என்ற பெயர் எல்லோரையும் ஒருமுறையாவது இடறவைக்கும். ரேடியஸின் தலை முழங்கைப் பக்கம், அதாவது ப்ராக்சிமல். அல்னாவின் தலையோ மணிக்கட்டுப் பக்கம், டிஸ்டல். மெட்டகார்பல்களுக்கும் தலை டிஸ்டல் முனைதான், முஷ்டி மடக்கும்போது புடைத்துத் தெரிபவை அவையே. லேபிள் ஒட்டிய மாதிரி வாங்கினால் முதலில் பார்க்க வேண்டியது அல்னாவின் தலை எங்கே குறிக்கப்பட்டிருக்கிறது என்பதை. முழங்கைப் பக்கம் குறித்திருந்தால் மற்ற லேபிள்களையும் நம்பாதீர்கள்.

ப்ராக்சிமல், டிஸ்டலை மாதிரியில் சோதிக்க எளிய வழி விரல்களை மடக்கிவிடுவது. முஷ்டியில் விரல் நுனி மணிக்கட்டுக்கு அருகே வந்துவிடும், ஆனாலும் அது டிஸ்டல்தான். தூரத்தை எலும்பு வரிசை வழியாக அளக்க வேண்டும், காற்றில் நேர்கோடு போட்டு அல்ல. நகம் எங்கே பார்த்தாலும் அது டார்சல் என்பதும் இதே கணக்குத்தான்.

இது வெறும் பெயர் விளையாட்டு அல்ல என்பதற்கு ஸ்காஃபாய்டு நல்ல சான்று. அந்த எலும்புக்குப் பெரும்பாலான ரத்தக் குழாய்கள் டார்சல் பக்கமாக, டிஸ்டல் பகுதியை ஒட்டி நுழைந்து, ப்ராக்சிமல் முனையை நோக்கிப் பின்னோக்கிச் செல்கின்றன. எனவே எலும்பு ப்ராக்சிமல் முனையருகே முறிந்தால் அந்தத் துண்டுக்கு ரத்தம் அறுந்து செத்துப்போகும் அபாயம் அதிகம். டிஸ்டல் முண்டில் முறிந்தால் பொதுவாக நன்றாகவே கூடிவிடும். ரேடியஸின் கீழ்முனை முறிவிலும் இப்படியே: துண்டு டார்சல் பக்கம் போனால் 1814இல் ஆபிரகாம் கோலீஸ் விவரித்த முறிவு, பால்மர் பக்கம் போனால் ஸ்மித் முறிவு. ஒரு சொல் மாறினால் முறிவின் பெயரே மாறிவிடுகிறது. அதனால்தான் முண்டுகள் தெளிவாக வார்க்கப்பட்ட மாதிரிக்குக் கூடுதலாகக் கொடுக்கலாம் என்கிறோம்.

கட்டைவிரலைத் தனியாகப் பாருங்கள். மற்ற நான்கு விரல்களின் தளத்திலேயே அதையும் தட்டையாக ஒட்டியிருந்தால் பிழை. அது ஏறத்தாழ செங்கோணத்துக்குத் திரும்பியிருக்க வேண்டும், நகம் பக்கவாட்டைப் பார்க்க வேண்டும். அதனால்தான் கட்டைவிரலை மடக்கினால் அது உள்ளங்கையின் குறுக்கே போகிறது. உள்ளங்கையிலிருந்து எழும்பி முன்னே வருவது அதற்கு விரிதல். மற்ற விரல்களுக்கு விரிதலும் சேர்தலும் நடுவிரலை அச்சாகக் கொண்டவை. எலும்பிடைத் தசைகளில் டார்சல் பக்கத்தவை விரிக்கும், பால்மர் பக்கத்தவை சேர்க்கும். நடுவிரல் மெட்டகார்பலில் பச்சை டேப் ஒன்று ஒட்டிவைத்தால் எந்தப் பக்கம் விலகினால் விரிதல் என்று தேட வேண்டியதில்லை. டேப்பை மூட்டின் குறுக்கே ஒட்டாதீர்கள், எலாஸ்டிக் இறுகி விரல் மடங்காது.

கால்நடை மருத்துவம் படிப்பவர்களுக்கு இதே கட்டமைப்பில் நாயின் முன்னங்கால் மாதிரி கிடைக்கிறது. நல்ல பொருள், ஆனால் மனிதக் கையில் கற்றதை அப்படியே தூக்கிக்கொண்டு போகக் கூடாது. மணிக்கட்டு மூட்டான கார்ப்பஸுக்கு மேலே முன்பக்கம் க்ரேனியல், பின்பக்கம் காடல். கார்ப்பஸிலிருந்து கீழே அதே முன்பக்கம் டார்சல், பின்பக்கம் பால்மர். பின்னங்காலில் பால்மருக்குப் பதில் பிளான்டர். நாய் எப்போதும் உள்ளங்கையைத் தரையில் பார்த்தபடி நிற்பதால் அல்னா, ரேடியஸின் பின்புறமாகக் குறுக்கே ஓடுகிறது: முழங்கையருகே மீடியல், கார்ப்பஸருகே லேட்டரல். விளைவு, பாதத்தில் ரேடியஸின் பக்கம் மீடியல் ஆகிவிடுகிறது, மனித உடற்கூற்றியல் நிலைக்கு நேர் எதிர். வலது இடது பிரிக்க, பின்புறம் துருத்தும் துணைக் கார்ப்பல் எலும்பைப் பால்மர் என்று வையுங்கள், தரையைத் தொடாத சிறு முதல் விரலை மீடியல் என்று வையுங்கள், வேறெதுவும் வேண்டாம். மாட்டுக் கால் மாதிரி என்றால் அச்சு மூன்றாவது, நான்காவது விரல்களுக்கு நடுவே ஓடும். அந்த அச்சைப் பார்க்கும் முகம் ஆக்சியல், விலகிய முகம் அபாக்சியல். குதிரையில் அச்சு ஒரே விரலான மூன்றாவதின் ஊடாகவே போகும்.

பராமரிப்பில் பலவீனமான இடம் எலாஸ்டிக்தான். வெயில் படும் சன்னலோரம் வைத்தாலோ, விரல்களை மடக்கிக் கட்டிய நிலையில் விட்டுவிட்டாலோ சீக்கிரம் தளர்ந்துவிடும். மாற்றும்முன் டார்சல், பால்மர் இரு பக்கமும் படம் எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு விரலை முடித்தபின் அடுத்ததை அவிழுங்கள், எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டினால் விரல்கள் கலந்துவிடும். கலந்துவிட்டால் அடிமுனையைப் பாருங்கள்: விரலில் மெட்டகார்பலை ஒட்டிய எலும்பின் அடியில் ஒரே குழி, அதற்கும் நுனி எலும்புக்கும் இடைப்பட்ட எலும்பின் அடியில் நடுவே வரப்பு ஓடும் இரு குழிகள், நுனி எலும்பின் முனை அகன்று சொரசொரப்பாக இருக்கும். நடு மெட்டகார்பலை அதன் அடியில் டார்சல், ரேடியல் மூலையில் நீட்டிக்கொண்டிருக்கும் கூர்முனை காட்டிக்கொடுக்கும். பழைய கயிற்றின் தடிமனையே வாங்குங்கள். தடித்தால் விரல் மடங்காமல் விறைக்கும், மெலிந்தால் மூட்டுகள் பிளந்து தொங்கும். முடிச்சை இறுக்குவதற்குமுன் ஒவ்வொரு விரலெலும்பையும் புரட்டிப் பாருங்கள். குவிந்த முகம் டார்சல், தட்டை முகம் பால்மர். நடுவில் ஒன்று மட்டும் கயிற்றில் உருண்டு தட்டை முகத்தை மேலே காட்டிக்கொண்டு நிற்பது வழக்கமாக நடப்பது, முடிச்சு போட்டபின் சரிசெய்ய மறுபடி அவிழ்க்க வேண்டியிருக்கும்.