லீஸுக்கு வீடு தேடுகிறீர்களா? ஓனரை நேரில் பார்க்காமல் ஒரு ரூபாய்கூடக் கட்டாதீர்கள்

நேற்று ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை. கோபம் ஆறுவதற்குள் எழுதிவிட வேண்டும் என்றுதான் உட்கார்ந்திருக்கிறேன், எழுத்துப்பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். எங்கள் 6,50,000 ரூபாய் போய்விட்டது. ஆறரை லட்சம். அது போனதோடு வீடும் போகிறது. லீஸுக்கு வீடு பார்க்கிறவர்கள் கடைசிவரை படியுங்கள், என்னென்ன கவனிக்க வேண்டும் என்று கீழே சொல்கிறேன்.

நிறுவனத்தின் பெயரைப் போடவில்லை. புகார் நடந்துகொண்டிருப்பதால் வேண்டாம் என்று வக்கீல் சொல்லிவிட்டார். ஆனால் சென்னையில் வீடு தேடியவர்களுக்கு அந்த மாதிரிக் கம்பெனிகள் தெரிந்திருக்கும். ஆப் வைத்திருப்பார்கள். ஓனரிடமிருந்து வீட்டை மாத வாடகைக்கு எடுப்பார்கள், நம்மிடம் லீஸ் என்று மொத்தமாகப் பணம் வாங்குவார்கள். அந்தப் பணத்தை வைத்து ஓனருக்கு மாதாமாதம் வாடகை அவர்களே கொடுத்துவிடுவார்களாம். நாம் காலி செய்யும்போது முழுத்தொகையும் திரும்ப வந்துவிடுமாம்.

அந்த ஆறரை லட்சம் எப்படிச் சேர்ந்தது என்று சொல்கிறேன். பழைய வீட்டு லீஸ் பணம் 4 லட்சம், என் பி.எஃப். பணம் 1,30,000, மீதி 1,20,000 என் வளையல்களை அடகு வைத்தது. என் வீட்டுக்காரருக்கு ஆரம்பத்திலேயே மனசு ஒப்பவில்லை, ஓனரை ஒரு தடவை பார்த்துவிடலாமே என்றார். நான்தான் அவசரப்பட்டேன். பெண் பன்னிரண்டாம் வகுப்பு, பள்ளிக்கூடம் திறப்பதற்குள் குடிபோக வேண்டும் என்ற ஒரே நினைப்பு.

வீட்டைக் காட்ட வந்த பெண்ணுக்கு இருபத்தைந்து வயது இருக்கலாம். வந்ததும் செருப்பை வாசலில் கழற்றிவிட்டு நேராகச் சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்து காட்டினாள். "அக்கா, எங்க அம்மாவுக்கே இவங்க மூலமாத்தான் வீடு புடிச்சேன்" என்றாள். ஓனர் வரமாட்டாரா என்று கேட்டதற்கு, "அவர் துபாய்ல இருக்கார் அக்கா, பவர் எங்ககிட்டதான் இருக்கு" என்று போனில் ஏதோ ஒரு பத்திரத்தை விரலால் தள்ளித் தள்ளிக் காட்டினாள். ஒரு பக்கத்தையும் முழுசாகப் படிக்கவில்லை. முத்திரையும் பச்சை மையில் ஒரு கையெழுத்தும் கண்ணில் பட்டன, அவ்வளவுதான், நம்பிவிட்டேன். அந்த நிமிஷத்தைத்தான் திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டே இருக்கிறேன். "இதை எனக்கு அனுப்பும்மா, வக்கீலிடம் காட்டிவிட்டுச் சொல்கிறேன்" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும்.

ஒப்பந்தம் 11 மாதத்துக்கு. ஓனர் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் "உரிமையாளருக்காக" என்று கம்பெனி ரப்பர் ஸ்டாம்ப். பணத்தை வங்கி மூலமாகத்தான் அனுப்பினேன், அதனால் பயமில்லை என்று வேறு நினைத்துக்கொண்டேன். பால் காய்ச்சிய அன்றைக்கு அந்தப் பெண்ணே வந்து சாவியைக் கொடுத்தாள். சாவிக்கொத்தில் சின்னதாக ஒரு பித்தளைப் பிள்ளையார் தொங்கிக்கொண்டிருந்தது.

ஏழு மாதம் ஒரு குறையும் இல்லை. எட்டாவது மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் பெரியவர் ஒருவர் கையில் மஞ்சள் பையோடு வாசலில் நின்றார். கதவைத் திறந்ததும் அவர் கேட்ட முதல் கேள்வி, "நீங்க யாரும்மா?"

அவர்தான் ஓனர். துபாயும் இல்லை ஒன்றும் இல்லை, நாலு தெரு தள்ளித்தான் குடியிருக்கிறார். பையிலிருந்து அவருடைய ஒப்பந்தத்தை எடுத்துக் காட்டினார். மாதம் 17,000 வாடகை, 50,000 அட்வான்ஸ், எழுத்துமூலமான சம்மதம் இல்லாமல் உள்வாடகைக்கு விடக் கூடாது என்று அதில் தெளிவாகப் போட்டிருக்கிறது. கம்பெனி ஊழியர்கள் தங்குவார்கள் என்று சொல்லி வாங்கினார்களாம். மூன்று மாதமாக வாடகை வரவில்லை என்பதால்தான் நேரில் வந்திருக்கிறார். நாங்கள் ஆறரை லட்சம் கொடுத்திருக்கிறோம் என்றதும் அப்படியே படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார்.

அதற்கப்புறம் நடந்ததுதான் கொடுமை. கஸ்டமர் கேரில் "டிக்கெட் போட்டிருக்கோம் மேடம், ஏழு வேலை நாள்ல சரியாயிடும்" என்றார்கள். ஏழு நாள் கழித்துக் கூப்பிட்டால் வேறு ஒரு குரல், அதே பதில், புதுசாக ஒரு டிக்கெட் எண். பிறகு ஃபைனான்ஸ் டீம் பார்க்கிறது என்றார்கள், ஆடிட் முடியட்டும் என்றார்கள். சாவி கொடுத்த பெண்ணின் நம்பர் ஸ்விட்ச் ஆஃப். நேரில் போனால் வாசலிலேயே செக்யூரிட்டி ஒரு நோட்டில் பெயர் எழுதச் சொல்கிறார். நான் எழுதியது 41-வது பெயர். அன்றைக்கு ஒரே நாளில் எனக்கு முன்னால் நாற்பது குடும்பம், அதைப் பார்த்தபோதுதான் வயிறு கலங்கியது. மேலே இருந்து வந்த ஒருவர் "உங்களுக்கு மட்டும் ஸ்பெஷலா தர்றேன்" என்று இருபது நாள் தள்ளித் தேதி போட்டு ஒரு செக் கொடுத்தார். கணக்கில் பணமில்லை என்று திரும்பி வந்தது. செக் திரும்பியதற்கு வங்கி கொடுக்கும் மெமோ கைக்கு வந்த 30 நாளுக்குள் வக்கீல் நோட்டீஸ் அனுப்பியாக வேண்டும், இல்லாவிட்டால் செக் மோசடி வழக்கு நிற்காது. இது எனக்குத் தெரியாது. கடைசி நாலு நாளில்தான் வக்கீலிடம் போனேன், அவர்தான் அடித்துப்பிடித்து அனுப்பினார்.

காவல் நிலையத்தில் "இது சிவில் மேட்டர்மா, கோர்ட்டுக்குப் போங்க" என்றார்கள். ஏமாற்றி ஆறரை லட்சம் வாங்கியிருக்கிறார்கள், இது எப்படி சிவில் ஆகும்? மூன்று நாள் நடந்தபிறகுதான் சி.எஸ்.ஆர். ரசீது, அதாவது புகாரை வாங்கிக்கொண்டோம் என்ற ரசீது, கிடைத்தது. இன்னும் எஃப்.ஐ.ஆர். இல்லை.

நடுவில் ஓனருடைய மகன் வந்து மோட்டார் ஃபியூஸைப் பிடுங்கிக்கொண்டு போனார். இரண்டு நாள் தண்ணீர் இல்லை, பக்கத்து வீட்டிலிருந்து குடத்தில் தூக்கினோம். தண்ணீர், கரண்ட் மாதிரி அத்தியாவசிய வசதிகளை நிறுத்துவதற்கு வாடகைச் சட்டத்திலேயே தடை இருக்கிறது என்று வக்கீல் போனில் சொன்னபிறகு ஃபியூஸ் திரும்பி வந்தது. பெரியவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவருக்கு அந்த வாடகைதான் மருந்துச் செலவு.

இப்போது சட்டத்தைப் படித்துப் படித்துத்தான் எனக்கு ஆத்திரம் அதிகமாகிறது. தமிழ்நாட்டில் 1960-இல் இருந்த பழைய வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தை எடுத்துவிட்டு, 2017-இல் புதுச் சட்டம் போட்டார்கள், 2019 பிப்ரவரி 22 முதல் அமலில் இருக்கிறது. அதன்படி வாடகை ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும், பதிந்தால் ஒரு எண் கொடுப்பார்கள். அந்த எண் எங்கே என்று நான் கேட்டிருந்தால் அன்றைக்கே குட்டு உடைந்திருக்கும். ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதிக்கொண்டால் தவிர, அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் வாங்கக் கூடாது என்று அதே சட்டம் சொல்கிறது. நான் கொடுத்தது அந்த வீட்டின் 38 மாத வாடகை! லீஸ் என்று ஒரு வார்த்தை போட்டுவிட்டால் இவ்வளவு பெரிய தொகையை எந்தக் கண்காணிப்பும் இல்லாமல் வாங்கலாம் என்றால் அந்தச் சட்டம் யாருக்கு? 11 மாதம் என்று போட்டதற்கும் காரணம் இருக்கிறது. ஒரு வருஷத்துக்கு மேல் போகும் குத்தகையை சார்பதிவாளர் அலுவலகத்தில் கட்டாயம் பதிய வேண்டும், பதிவுக்குப் போனால் உண்மையான ஓனர் வந்து நிற்க வேண்டியிருக்கும்.

கோர்ட் உத்தரவு இல்லாமல் எங்களை வெளியே தள்ள முடியாது, அப்படியே தள்ளினாலும் ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டு மறுபடி உள்ளே வரலாம் என்று வக்கீல் சொன்னார். ஆனால் எங்களுக்கும் ஓனருக்கும் நடுவில் ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. எவ்வளவு நாள் இழுப்பது? இருக்க வேண்டுமானால் இனிமேல் மாதம் 17,000 அவருக்குத் தர வேண்டும், அது நியாயம்தான். அடகுக் கடைக்கு வட்டியும் கட்டி அதையும் கட்ட எங்களால் முடியாது. மாதக் கடைசிவரை அவகாசம் கொடுத்தார். அது நாளையோடு முடிகிறது.

அண்ணன் வீட்டு ஹாலுக்குப் போகிறோம், நாலு பேரும். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் நாடு முழுக்க வீடற்றவர்கள் 17.7 லட்சம் பேர் என்று கணக்கு, அது தெருவிலும் நடைபாதையிலும் படுப்பவர்களை எண்ணியது. எங்களை மாதிரி அடுத்தவர் வீட்டு ஹாலில் பாய் விரிப்பவர்கள் அதில் வரமாட்டோம். அப்படியானால் எங்களுக்கு என்று ஒரு திட்டமும் யோசிக்க மாட்டார்கள் இல்லையா?

சரி, சொல்வதாகச் சொன்னதை எழுதிவிடுகிறேன், நேரமில்லை. ஓனரை அவருடைய அடையாள அட்டையோடு நேரில் பாருங்கள், வெளிநாட்டில் இருந்தால் வீடியோவிலாவது பேசுங்கள், பக்கத்து வீட்டில் விசாரியுங்கள். வில்லங்கச் சான்றிதழ் எடுத்துப் பெயரை ஒத்துப் பாருங்கள், வீடு அடமானத்தில் இருக்கிறதா என்பதும் அதில் தெரியலாம். பவர் பத்திரத்தின் நகல் கையில் வராமல் பணம் கொடுக்காதீர்கள். நடுவில் ஒரு கம்பெனி இருந்தால் ஓனரின் எழுத்துச் சம்மதத்தைக் கேளுங்கள், இல்லையென்றால் எழுந்து வந்துவிடுங்கள். ஏற்கெனவே மாட்டிக்கொண்டவர்கள் தனித்தனியாக அலையாதீர்கள், சேர்ந்து கமிஷனர் அலுவலகத்தில் புகார் கொடுங்கள், நாங்கள் இருபத்திரண்டு பேர் திங்கட்கிழமை போகிறோம். வக்கீலுக்குப் பணமில்லை என்றால் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், 15100-க்கு போன் செய்யலாம், பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசம். எனக்கு அங்கிருந்துதான் வக்கீல் கிடைத்தார்.

காலை ஆறு மணிக்கு வண்டி வருகிறது. பெண்ணின் புத்தகங்களை மட்டும்தான் இதுவரை கட்டியிருக்கிறேன், பீரோ இன்னும் அப்படியே இருக்கிறது. சாவியைப் பெரியவர் கையிலேயே கொடுத்து ரசீது எழுதி வாங்க வேண்டும்.