ஆமைக்கென்று விற்கும் காய்ந்த பூ பாக்கெட்: வட சென்னையில் வாங்குகிறவர்கள் கவனத்துக்கு

வட சென்னையில் ஒரு பெட் ஷாப்பில் ‘ஆமைக்கான ஆர்கானிக் பூ கலவை’ என்று 100 கிராம் 350 ரூபாய்க்கு விற்கிறார்கள். பிளாஸ்டிக் கவர், மேலே ஆமைப் படம் போட்ட ஸ்டிக்கர். ஸ்டிக்கரில் செம்பருத்தி, காலெண்டுலா, ரோஜா, சங்குப்பூ என்று நான்கு பெயர்கள். அந்த பாக்கெட்டைப் பிரித்து நியூஸ் பேப்பரில் கொட்டி, ஒவ்வொன்றாகப் பொறுக்கிப் பார்த்தால் நான்கில் ரோஜா மட்டும்தான் உள்ளே இருக்கிறது. மற்றதெல்லாம் துலுக்கச் சாமந்தி, செவ்வந்தி, கொஞ்சம் சம்பங்கி, அரளி மொட்டு. கூடவே முடிச்சு அவிழாத வாழைநார்த் துண்டுகள், வெள்ளை நூல், ஒரு இணுக்கு ஜிகினா.

நாரும் ஜிகினாவும் மாலையைத் தவிர வேறெதில் வரும்? கழற்றிப் போட்ட மாலையையோ விற்காமல் தங்கிய சரத்தையோ உதிர்த்து, காயவைத்து, கவரில் அடைத்திருக்கிறார்கள். ஆமைக்குப் போடும் முன்பே பிரித்ததால் இந்த முறை தப்பித்தது. கடையில் கேட்டதற்கு வந்த பதில்: “சாமிக்குப் போடுற பூதான சார், இதுல என்ன விஷம்?” பணம் திரும்பக் கிடைக்கவில்லை, பில்லும் இல்லை.

சாமிக்குப் போடும் பூ என்பதால்தான் பயப்பட வேண்டும். பூக்கடை பத்ரியன் தெருவிலும் கோயம்பேட்டிலும் உதிரியாக எடை போட்டு விற்கும் அரளி, செடி முழுக்க நஞ்சு. பூ, இலை, தண்டு எதுவும் விலக்கில்லை. அதில் இருக்கும் கார்டியாக் கிளைகோசைடு வகை நஞ்சு நேராக இதயத் துடிப்பைத் தாக்கும். காயவைத்தால் இந்த நஞ்சு போகாது, கொதிக்க வைத்தாலும் போகாது. பச்சையாக இருக்கும்போது கசப்பினால் கால்நடைகள் பெரும்பாலும் அரளியை ஒதுக்கிவிடும். காய்ந்து மற்ற தீவனத்தோடு கலந்துவிட்டால் தெரியாமல் தின்றுவிடும். ஆமைக்கு நிறம்தான் முதலில் கண்ணில் படும், சிவப்பும் மஞ்சளும் தெரிந்தால் நேராகப் போய்க் கவ்வும். ஆகவே பச்சை அரளியைவிட இந்தக் கலவைக்குள் இருக்கும் அரளி மோசம்.

காய்ந்த அரளியை அடையாளம் காண்பது கஷ்டமில்லை. மொட்டு நீளமாக, மடக்கிய குடை மாதிரி முறுக்கிக்கொண்டு, நுனி கூராக இருக்கும். மலர்ந்து காய்ந்ததாக இருந்தால் அடியில் குழாய் தெரியும், தொண்டையில் கிழிந்த குஞ்சம் போல ஒரு விளிம்பு இருக்கும். செம்பருத்தியில் அந்தக் குழாய் கிடையாது. அதன் இதழ் அகலமாக, நரம்பு தெரிகிறபடி, தாளாகச் சுருங்கியிருக்கும். நடுவில் மகரந்தத் தண்டு ஒன்று தனியாக நிற்கும். சந்தேகமாக இருந்தால் வெதுவெதுப்பான தண்ணீரில் பத்து நிமிடம் போடுங்கள். இதழ் விரிந்து உருவம் தெரிந்துவிடும். பார்த்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, கையைச் சோப்பு போட்டுக் கழுவுங்கள்.

காலெண்டுலா என்ற பெயரில் துலுக்கச் சாமந்தியைப் போடுவது இன்னொரு ஏமாற்று. காலெண்டுலா குளிர்ச்சியான பருவத்துப் பூ, சென்னை வெயிலில் தாக்குப்பிடிக்காது, விலையும் கூடுதல். துலுக்கச் சாமந்தியோ பண்டிகை முடிந்த மறுநாள் குப்பையில் கிடக்கும். விதையைப் பாருங்கள்: காலெண்டுலா விதை வளைந்து, முதுகில் முள் முள்ளாக இருக்கும். துலுக்கச் சாமந்தி விதை கறுப்பு ஊசி, ஒரு முனையில் வெளிர் குச்சம். துலுக்கச் சாமந்தி அரளி மாதிரி கொல்லாது, ஆனால் அதன் சாறு தோலையும் வாயையும் எரிச்சலாக்கும். செவ்வந்தியும் அப்படித்தான். இரண்டும் வேண்டாம்.

நூலையும் நாரையும் சாதாரணமாக எடுத்துக்கொள்ளக் கூடாது. ஆமை மென்று தின்னாது, கவ்வி இழுத்து விழுங்கும். நூல் குடலுக்குள் போனால் ஒரு முனை எங்காவது மாட்டிக்கொள்ள, குடல் அதைச் சுற்றிச் சுருங்கும். இதை வெளியிலிருந்து கண்டுபிடிப்பது கடினம். சாப்பாட்டை நிறுத்திய பிறகுதான் தெரியவரும்.

அடுத்தது மருந்து. மாலைக்கு வளர்க்கும் மல்லிக்கும் ரோஜாவுக்கும் மொட்டுப்புழு, இலைப்பேன் எல்லாவற்றுக்கும் பூச்சிமருந்து தெளிப்பார்கள். சாப்பிடும் பொருள் இல்லை என்பதால் தெளித்ததற்கும் பறித்ததற்கும் எத்தனை நாள் இடைவெளி என்று யாரும் பார்ப்பதில்லை. நர்சரியில் பாலித்தீன் பையோடு வாங்கும் செம்பருத்திக்கும் இதே கதிதான். மாவுப்பூச்சிக்கு இமிடாகுளோப்ரிட் என்ற பூச்சிமருந்தை ஊற்றியிருந்தால் அது வேர் வழியாக ஏறி இதழ் வரை போய்விடும், கழுவினால் வராது. புதுச் செடி வாங்கினால் மண்ணை உதறி மாற்றி நடுங்கள். குறைந்தது மூன்று மாதம் பூக்கிற பூவைக் கிள்ளி எறியுங்கள். புதிதாக விட்ட கிளையில் பூத்ததை மட்டும் அதன் பிறகு கொடுங்கள். மாவுப்பூச்சி வந்தால் குழாய்த் தண்ணீரை வேகமாகப் பீய்ச்சி அடித்தாலே பாதி போகும்.

மொட்டைமாடித் தொட்டியில் வளர்ப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். தெருவில் கொசுப் புகை அடித்தால், அன்று திறந்திருந்த பூ எதையும் கொடுக்காதீர்கள். செடியை நன்றாக நனைத்துக் கழுவிவிட்டு, இரண்டு மூன்று நாள் கழித்துப் பூக்கும் பூவை எடுங்கள். எண்ணூர், மணலி பக்கம் லாரி போகிற சாலையோர வேலியில் சங்குப்பூவும் சப்பாத்திக்கள்ளியும் தாராளமாகக் கிடைக்கும். இலையைத் தொட்டாலே விரலில் கரி ஒட்டும் இடத்தில் பறிக்காதீர்கள்.

அப்படியானால் எதைக் கொடுப்பது? வீட்டில் மருந்தில்லாமல் வளர்ந்த செம்பருத்திதான் முதல், பூவோடு கொழுந்து இலையும் சேரும். பூசணிப்பூ, பீர்க்கம்பூ, நாட்டு ரோஜா இதழ், முள்ளைச் சுரண்டிய சப்பாத்திக்கள்ளிப் பூ எல்லாம் கொடுக்கலாம். சங்குப்பூவில் பூ மட்டும், காயும் விதையும் கூடாது. அரளி, தங்க அரளி, எருக்கு, ஊமத்தை, நித்தியகல்யாணி, செங்காந்தள், உண்ணிச்செடி, அலமாண்டா, லில்லி வகை எதுவும் ஆமை நடமாடும் இடத்தில் விழுந்துகூடக் கிடக்கக் கூடாது.

அளவும் முக்கியம். சல்கேட்டா என்ற ஆப்பிரிக்க ஆமைக்குப் புல்தான் சாப்பாடு. அருகம்புல், மாட்டுக்குப் போடும் கோ-4 புல், காய்ந்த புல் இவைதான் தட்டில் பெரும்பங்கு. பூ பத்தில் ஒரு பங்குக்கு மேல் போகக் கூடாது. நான்கு அங்குல ஓடுள்ள குட்டிக்கு வாரத்தில் இரண்டு மூன்று நாள், ஒரு செம்பருத்திப் பூ போதும். பூவில் சுண்ணாம்புச்சத்து குறைவு. பூவையே நிறையப் போட்டால் புல்லை ஒதுக்கப் பழகிவிடும், நாளடைவில் ஓடு மெத்தென்று ஆகும். ரெட் ஃபுட் ஆமைக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கொடுக்கலாம். காலையில் வைத்து, மதியத்துக்குள் மிச்சத்தை எடுத்துவிடுங்கள்.

மழைக்காலத்துக்குச் சேமிக்க வேண்டுமானால் வீட்டிலேயே காயவைக்கலாம். ராயபுரம், திருவொற்றியூர் போன்ற கடற்கரைப் பக்கம் காற்றிலேயே ஈரம் என்பதால் மாடி நிழல் போதாது. ஃபேனுக்குக் கீழே வெள்ளைத் துணியில் ஒற்றை அடுக்காகப் பரப்புங்கள். இதழை விரலால் நசுக்கினால் பொடியாக வேண்டும். வளைந்தால் ஈரம் மிச்சமிருக்கிறது, டப்பாவில் போட்டால் பூஞ்சை பிடிக்கும். பூஞ்சை பட்டதைத் தட்டிவிட்டுக் கொடுக்காமல் டப்பாவோடு கொட்டிவிடுங்கள்.

ஏற்கெனவே அந்த பாக்கெட்டைப் போட்டுவிட்டவர்கள், ஆமை துள்ளலாக இருக்கிறதே என்று சும்மா இருக்காதீர்கள். செரிமானம் மெதுவான பிராணி, அறிகுறி வர நாட்கள் ஆகலாம். வாயில் எச்சில் நுரை, முன்காலால் வாயைத் தேய்ப்பது, கழுத்து தொங்குவது, நடுக்கம், தீனியைத் திரும்பிப் பார்க்காமல் இருப்பது, இவற்றில் ஒன்று தெரிந்தாலும் வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ ஆமை பார்த்துப் பழகிய டாக்டரிடமோ கொண்டு போங்கள், பாக்கெட்டோடு. பால், உப்புத் தண்ணீர், எண்ணெய் எதையும் வாயில் ஊற்ற வேண்டாம். கடைக்காரர் சொன்னார் என்று நாய்க்குப் போடும் ஐவர்மெக்டினைப் போட்டுவிடாதீர்கள். ஆமையை அது கொன்றுவிடும்.

இதுபோன்ற கடைகளில் பூவோடு நட்சத்திர ஆமையையும் தள்ளிவிடப் பார்ப்பார்கள். வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 2022 திருத்தத்துக்குப் பிறகு அது முதல் அட்டவணையில் இருக்கிறது, வீட்டில் வைத்திருப்பதே குற்றம். சல்கேட்டா போன்ற அயல்நாட்டு ஆமை வைத்திருப்பவர்களும் 2024-ல் வந்த விதிகளின்படி மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகத்தின் பரிவேஷ் இணையதளத்தில் பதிவு செய்ய வேண்டும்.

பாக்கெட் செய்து விற்கும் எந்தப் பொருளிலும் தயாரித்தவர் அல்லது பாக்கெட் செய்தவரின் பெயர், முகவரி, எடை, அதிகபட்ச விலை, மாதம், வருடம் அச்சிட்டிருக்க வேண்டும் என்பது பாக்கெட் பொருட்களுக்கான 2011 எடையளவு விதி. அந்த ஸ்டிக்கரில் இவை எதுவுமே இல்லை. வாங்கி ஏமாந்தவர்கள் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் சொல்லலாம், சென்னை வடக்கு மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்கும் போகலாம். பொருளுக்குக் கொடுத்த விலை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் அங்கே புகாருக்குக் கட்டணம் கிடையாது. பில் தராவிட்டால் ஜிபே செய்த ஸ்கிரீன்ஷாட் ஆதாரமாக உதவும். பூவைக் கொட்டிப் பொறுக்கும்போதே, ஸ்டிக்கர் தெரிகிற மாதிரி படம் எடுத்து வையுங்கள். மிச்சத்தைக் கவரோடு கட்டி, ஆமைக்கும் வீட்டுக் குழந்தைகளுக்கும் எட்டாத உயரத்தில் வையுங்கள்.